பதினான்காம் கல்லருகே பதினோரு செடிகள்

மருந்துக்காரர் இருபத்தாறு வருடமாகச் செடிகளைக் கொன்றுவருகிறார். அதற்குச் சம்பளம் உண்டு, சாம்பல் நிறச் சீருடை உண்டு, வருடத்துக்கு இரண்டு ஜோடி ரப்பர் பூட்ஸ் உண்டு. ரயில் தண்டவாளத்தின் ஓரத்தில், ஜல்லிக்கற்களுக்கு நடுவே தலைகாட்டும் எதுவும் உயிரோடு இருக்கக்கூடாது என்பது இலாகாவின் கொள்கை. முதுகில் பதினாறு லிட்டர் தொட்டியைக் கட்டிக்கொண்டு, இடது கையால் பம்ப்பை அடித்தபடி, வலது கையில் குழலைப் பிடித்துக்கொண்டு ஒரு கிலோமீட்டர் கல்லிலிருந்து அடுத்த கல்வரை நடப்பதுதான் வேலை. கொல்வதற்காகத் தெளிப்பதை எல்லோரும் மருந்து என்கிறார்கள். அவரும் மறுத்துப் பேசியதில்லை.

தண்டவாளத்தின் வலது பக்கம் அவருடையது. இடது பக்கம் அவர் மனைவியின் தம்பியுடையது. மைத்துனனை வேலையில் சேர்த்துவிட்டவர் இவர்தான். அதை இவர் ஒருநாளும் சொல்லிக்காட்டியதில்லை. மைத்துனன்தான் வாரம் ஒருமுறை சொல்லிக்காட்டுவான்.

"உங்களாலதான் மாமா எனக்கு இந்த முதுகுவலி."

"என் முதுகும் வலிக்குதுடா மாப்ள. அதுக்கு நான் யாரைப் போய்க் கேக்குறது?"

தெளித்த இடம் எது, தெளிக்காத இடம் எது என்று தெரிவதற்காக மருந்தில் கொஞ்சம் நீலச் சாயம் கலப்பார்கள். மறுநாள் சூப்பர்வைசர் டிராலியில் உட்கார்ந்தபடியே வருவார். நீலம் தெரிந்தால் வேலை முடிந்தது என்று பொருள். அவர் கீழே இறங்கிப் பார்த்ததாக யாருக்கும் நினைவில்லை. அதற்கப்புறம் இருக்கவே இருக்கிறது தெளிப்புப் பதிவேடு. அதில் மருந்துக்காரர் எழுதியதெல்லாம் அச்சு அசலான உண்மை. மழை வந்து பாதியில் நின்றால் 'பாதி' என்றே எழுதுவார். குழல் அடைத்துக்கொண்டால் எத்தனை நிமிடம் அடைத்துக்கொண்டது என்றும் எழுதுவார். இப்படிப்பட்ட ஒருவர் கீழே இருப்பது மேலே இருப்பவர்களுக்கு எவ்வளவு தொல்லை என்பதை அவர் யோசித்ததில்லை.

இரண்டு வருடத்துக்கு முன் அவருக்கு இடது கண்ணில் புரை நீக்கினார்கள். கண் புதிதாகத் தெரியத் தொடங்கியவர்கள் பொதுவாக வீட்டுச் சுவரின் அழுக்கைத்தான் முதலில் பார்ப்பார்கள். இவர் நாயுருவிக் கதிரைப் பார்த்தார். இருபத்துநாலு வருடமாகத் தெளித்துவந்த அதே நாயுருவி. ஒட்டிக்கொண்டு வீடுவரை வந்து, மனைவி சீருடையைத் துவைக்கும்போது விரலில் குத்தித் திட்டு வாங்கித் தருகிற அதே கதிர். பதினான்காம் கல்லுக்குப் பக்கத்தில், மூடிக்கிடந்த சிக்னல் அறையின் பின்புறம், அந்தக் கதிர்களில் சிலவற்றில் பட்டாணி அளவுக்குப் பச்சையாக முடிச்சு முடிச்சாக வீங்கியிருந்தது. விதையாக இருக்கும் என்று ஒன்றை நகத்தால் பிளந்தார். உள்ளே ஆரஞ்சு நிறத்தில் ஒரு புழு, அரிசியில் நாலில் ஒரு பங்கு இருக்கும், வெளிச்சம் பட்டதும் சங்கடப்பட்டு நெளிந்தது.

அன்றைக்கு அவர் அந்த இடத்தில் தெளித்தார். முதலில் பத்து முடிச்சுகளைப் பறித்துத் தீப்பெட்டியில் போட்டுக்கொண்டார், பிறகு நின்றிருந்த நாற்பது செடிக்கும் தெளித்தார். வேலை வேலைதான்.

தீப்பெட்டியில் பாதியை நகரத்து மியூசியத்துக்குத் தபாலில் அனுப்பினார். அங்கே பூச்சிப் பிரிவில் ஒரு ஆராய்ச்சியாளர் அம்மா இருந்தார். அவர் பதில் எழுதினார்: இது ஒரு ஈயின் வேலை. கொசுவைவிடச் சின்ன ஈ. நெல் விளைவிக்கிறவர்கள் ஆனைக்கொம்பன் என்று திட்டுவார்களே, அதற்குத் தூரத்துச் சொந்தம். தாய் ஈ முட்டையிட்டுவிட்டுப் போய்விடும். குஞ்சுக்கு வீடு கட்டித் தருவது செடியின் பொறுப்பு. செடி எதற்காக அதை ஒப்புக்கொள்கிறது என்று யாருக்கும் சரியாகத் தெரியாது. நாயுருவியின் தண்டில் இப்படி வீங்குவது தெரிந்த விஷயம். கதிரில் வீங்கித் தாம் பார்த்ததில்லை. புதிய இனமாக இருக்கலாம். ஆனால் வீட்டை மட்டும் பார்த்து ஆளுக்குப் பெயர் வைக்க முடியாது. இறக்கை முளைத்த ஈ வேண்டும். குறிப்பாக ஆண் ஈ ஒன்றாவது வேண்டும்.

மருந்துக்காரர் தபால்தலை விற்கும் கடையில் ஒரு கைலென்ஸ் வாங்கினார். வேலையிடத்தில் அவருக்கு லென்ஸ் என்று பெயர் விழுந்தது அதற்குப் பிறகுதான்.

தீப்பெட்டியில் மிச்சமிருந்த முடிச்சுகளைப் பாட்டிலில் போட்டுச் சமையலறை ஜன்னலில் வைத்தார். பன்னிரண்டாம் நாள் அதிலிருந்து பச்சையாக மினுங்கிக்கொண்டு நாலு பூச்சிகள் வந்தன. பார்க்க அவ்வளவு அழகு. மனைவியைக் கூப்பிட்டுக் காட்டினார், மைத்துனனைக் கூப்பிட்டுக் காட்டினார், பஞ்சில் சுற்றி மியூசியத்துக்கு அனுப்பினார். பதில் ஒரு வாரத்தில் வந்தது. 'நீங்கள் அனுப்பியவை ஈக்கள் அல்ல, ஒட்டுண்ணிக் குளவிகள். அதாவது, வீட்டுக்காரரை அனுப்பச் சொன்னேன். வீட்டுக்காரரை உள்ளேயே தின்றுவிட்டு வெளியே வந்தவரை அனுப்பியிருக்கிறீர்கள்.'

அடுத்த வருடம் தெளிப்புத் தாமதமானது, பம்ப்புகள் பழுது. முடிச்சுகள் நன்றாக முற்றியிருந்தன, ஆனால் செடிகள் இருபத்துமூன்றுதான். முற்றிய கதிர்களைப் பறித்துவந்தார். இந்தத் தடவை எந்தத் தவறும் நடக்கக்கூடாது என்று பாட்டிலை மூன்று முறை கழுவினார். மருந்துப் பாத்திரங்களுக்கு அதுதான் விதி, மூன்று முறை கழுவாத பாத்திரத்தை அவர் கையால் தொடமாட்டார். கழுவி, வெயிலில் காயவைத்து, கண்ணாடி பளபளக்கத் துடைத்து, கதிர்களை உள்ளே வைத்தார். புழுக்கள் வெளியே வந்தன. ஒன்றல்ல, இருபத்தேழு. அந்தப் பளபளப்பான கண்ணாடியில் இரண்டு நாள் அங்குமிங்கும் ஊர்ந்து, சுருங்கிக் காய்ந்து செத்தன. அவற்றுக்கு ஈர மண் வேண்டுமாம். புதைந்துகொண்டுதான் கூடு கட்டுமாம்.

"அதுக்கு அழுக்குத்தான் பிடிக்கும்னு முதல்லயே சொல்லியிருக்கலாம்ல அந்தம்மா" என்றாள் மனைவி. அவள் ஆஸ்பத்திரி ஒன்றில் படுக்கை விரிப்புகளுக்குப் பொறுப்பு. சுத்தம் தோற்றுப்போவதைப் பார்க்க அவளுக்குப் பிடிக்கவில்லை.

"நான் கேக்கல. அவங்க சொல்லல."

"இருபத்தேழு உசுரு."

"செடின்னா லட்சக்கணக்குல கொன்னிருக்கேன், அதப் பத்தி ஒரு நாள் கேட்டிருக்கியா?"

"அது வேலை. இது நீங்களா செஞ்சது."

மூன்றாம் வருடம் செடிகள் பதினொன்று. நாற்பது, இருபத்துமூன்று, பதினொன்று. இந்தக் கழித்தலைச் செய்தது யார் என்று அவருக்குத் தெரியும். ஞாயிற்றுக்கிழமைகளில் மற்ற கற்களுக்கும் நடந்து பார்த்திருந்தார். நாயுருவி எங்கும் உண்டு, முடிச்சு எங்கும் இல்லை. இந்தப் பதினொன்றும் போனால் அந்த ஈ இருந்ததற்கு ஒரு தீப்பெட்டி மட்டும்தான் சாட்சி.

அந்த வருடம் பார்த்து மேலிடத்திலிருந்து ஒருவர் பாதையைப் பார்வையிட வருவதாகச் செய்தி வந்தது. தெளிப்பு மூன்று வாரம் முன்னுக்கு வந்துவிட்டது. முடிச்சுகள் அப்போதுதான் மிளகு அளவில் இருந்தன. பறித்தால் காய்ந்துவிடும். செடியைத் தோண்டி வீட்டில் நட்டுப் பார்க்கலாம் என்று முந்தின வருடமே ஒன்றை நட்டிருந்தார். அது நாலாம் நாள் வாடி, முடிச்சுகள் கறுத்துப்போயின. சூப்பர்வைசரிடம் கேட்டிருக்கலாம். கேட்டால் எழுதிக் கொடுக்கச் சொல்வார். எழுதிக் கொடுத்தால் அது மேலே போகும். மேலே போனது எதுவும் திரும்பி வந்ததில்லை.

ஆகவே இருபத்தாறு வருட உண்மைக்காரர் ஒரு தொட்டியில் தண்ணீர் மட்டும் நிரப்பினார். அதில் நீலச் சாயத்தை வழக்கத்தைவிடக் கொஞ்சம் தாராளமாகவே கலந்தார். சிக்னல் அறையின் பின்புறம் பதினோரு செடிகளுக்கும் அதைப் பக்தியோடு தெளித்தார். பதிவேட்டில் 'கல் 14 முதல் 15 வரை, வலது பக்கம், முடிந்தது' என்று எழுதினார். கையெழுத்து வழக்கத்தைவிட நன்றாக இருந்தது.

சூப்பர்வைசர் மறுநாள் டிராலியில் வந்தார். நீலத்தைப் பார்த்தார். போனார்.

பாதை இரண்டு வாரத்தில் பழுப்பாகிவிட்டது. சிக்னல் அறைக்குப் பின்னால் மட்டும் பதினோரு செடிகள், தண்ணீர் குடித்த தெம்பில் முன்னைவிடப் பச்சையாக நின்றன. மருந்துக்காரர் தினமும் மதியச் சாப்பாட்டு நேரத்தில் அங்கே போய் வந்தார். முடிச்சுகள் பட்டாணி ஆயின. இன்னும் நாலு நாள் என்று கணித்துத் திங்கட்கிழமையை முடிவு செய்தார். பாட்டிலை ஒரே ஒரு முறை கழுவினார், அதுவும் மனசில்லாமல். தண்டவாள ஓரத்து மண்ணை அவர் நம்பவில்லை. அதில் என்ன ஊறியிருக்கிறது என்று அவரைவிட யாருக்குத் தெரியும். மனைவி வாசலில் வளர்க்கும் ரோஜாத் தொட்டியிலிருந்து இரண்டு கை மண் எடுத்தார்.

"ரோஜா செத்தா?" என்றாள்.

"சாகாது."

"நீங்க தொட்ட செடி எது பொழைச்சிருக்கு?"

திங்கட்கிழமை காலை, பாட்டிலும் கத்தரிக்கோலுமாகச் சிக்னல் அறையின் பின்புறம் போனவர் அப்படியே நின்றுவிட்டார். இலைகள் தொங்கிக்கொண்டிருந்தன. அவற்றின் மேல் புது நீலம். இந்தத் தடவை நீலத் தண்ணீர் இல்லை என்பதை மூக்கே சொன்னது. யார் தெளித்தது என்று விசாரிக்க வேண்டிய அவசியமும் இல்லை. குறுக்காக ஒருமுறை, நெடுக்காக ஒருமுறை, பக்கத்துக் கல்லிலும் சுவரிலும் கொஞ்சம் தாராளமாக. அப்படித் தெளிக்கிறவன் அந்தப் பாதையில் ஒருவன்தான். அப்படித் தெளிக்காதே என்று பதினாலு வருடமாகச் சொல்லிக்கொண்டிருப்பவரும் ஒருவர்தான்.

மைத்துனன் எதிர்ப்பக்கத்தில் உட்கார்ந்து பூட்ஸுக்குள் போன கல்லை உதறிக்கொண்டிருந்தான்.

"மாப்ள, இங்க மருந்து அடிச்சியா?"

"சனிக்கிழமை வந்து அடிச்சேன் மாமா. லீவு நாள்ல. ஒரு பயலுக்கும் தெரியாது."

"ஏன்?"

"ஏன்னா? எல்லாம் காஞ்சு கெடக்கு, இது மட்டும் மாலை போட்ட மாதிரி நிக்குது. பெரிய ஆளு பார்வையிட வரப்போறாரு. உங்களுக்கு அந்தக் கண்ணு சரியில்லன்னு அவங்களுக்குத் தெரிஞ்சா உங்களத் தூக்கி ஸ்டோர்ல உக்கார வெச்சிடுவாங்க. அப்புறம் நான் யாருகூட நடக்குறது?"

"எனக்குக் கண்ணு நல்லாத் தெரியுதுடா."

"தெரியுதுன்னுதான் எல்லாரும் சொல்லுவாங்க. விடுங்க மாமா. நான் அக்காகிட்டகூடச் சொல்ல மாட்டேன்."

கண் ரொம்ப நன்றாகத் தெரிந்ததால் வந்த வினையைக் கண் தெரியாததால் வந்தது என்று நினைத்துத் திருத்தியிருக்கிறான். அதுவும் லீவு நாளில், சொந்த நேரத்தில், அன்பாக. மருந்துக்காரர் பாட்டிலைக் கீழே வைத்தார். பிறகு சொன்னார்.

"நான் வேணும்னேதான் விட்டேன் மாப்ள. அந்த ஈக்காக."

மைத்துனன் பூட்ஸைக் கையில் வைத்துக்கொண்டே எழுந்து நின்றான். ஒற்றைக் காலில் நின்றதால் அவனால் முழு வருத்தத்தையும் காட்ட முடியவில்லை.

"என்கிட்ட ஒரு வார்த்த சொல்லியிருக்கலாம்ல?"

"சொன்னா நீயும் பொய்யில சேருவ."

"இப்ப கொலையில சேந்துட்டேன்."

பதினோரு செடியின் கதிர்களையும் அவர்கள் இரண்டு பேருமாக வெட்டினார்கள். மருந்து வேருக்குப் போய்ச் செடியைக் கொல்ல எட்டுப் பத்து நாள் ஆகும். முடிச்சுகள் தொட்டுப் பார்க்க இன்னும் கெட்டியாகத்தான் இருந்தன. கதிர்களை ஒரு முறை தண்ணீரில் அலசினார். மூன்று முறை அலசக் கை போனது, இழுத்துக்கொண்டார். ரோஜா மண்ணை நனைத்துப் பாட்டிலின் அடியில் பரப்பி, மேலே கதிர்களைப் படுக்கவைத்தார். மூடியாகக் கட்ட மனைவி ஆஸ்பத்திரியில் கழித்த விரிப்பிலிருந்து ஒரு துண்டு கிழித்துத் தந்தாள். எல்லாவற்றையும் கேட்டபின் அவள் சொன்னது ஒன்றுதான்.

"என் தம்பி தெரியாம மருந்தடிச்சான். நீங்க தெரிஞ்சே பொய் எழுதுனீங்க. நான் யாரத் திட்டுறது?"

"ரெண்டு பேரையும் திட்டு. பழக்கம்தானே."

மறுநாளே புழுக்கள் இறங்கத் தொடங்கின. வீடு இடிந்துகொண்டிருக்கிறது என்று அவற்றுக்கு எப்படியோ தெரிந்திருக்க வேண்டும். முற்றியவை எல்லாம் அவசரமாக வெளியேறி மண்ணுக்குள் போயின. லென்ஸை வைத்து எண்ணினார். பத்தொன்பது. முற்றாதவை முடிச்சுக்குள்ளேயே நின்றுவிட்டன. அதற்குப் பிறகு செய்வதற்கு ஒன்றுமில்லை. மண் காயாமல் தினம் ஐந்து சொட்டு. மைத்துனன் வேலைக்குப் போகிற வழியில் தினமும் வந்து பாட்டிலை எட்டிப் பார்த்து, "இன்னிக்கும் வெறும் மண்ணுதானா" என்று கேட்டுவிட்டுப் போனான். அவன் முகத்தைப் பார்த்தால் பாட்டிலுக்குள் இருப்பவர்கள் அவன் சொந்தக்காரர்கள் என்று தோன்றும்.

ஐந்தாம் நாள் ஒரு பச்சைக் குளவி வந்தது. ஏழாம் நாள் இன்னொன்று. பதினோராம் நாள் காலை ஆறு மணிக்கு, தேநீருக்குத் தண்ணீர் வைத்துவிட்டுத் திரும்பியவர், துணியின் உட்புறத்தில் தூசி ஒட்டியிருப்பதைப் பார்த்தார். தூசிக்குக் கால்கள் இருந்தன. உடம்பைவிட நீளமான கால்கள். லென்ஸை வைத்தார். பெண். ஏழு மணிக்கு இன்னொரு பெண். எட்டு மணிக்கு மூன்றாவது, அதுவும் பெண். அவை ஒரு நாள்தான் உயிரோடு இருக்கும் என்று அந்தம்மா சொல்லியிருந்தார். அன்று வேலைக்குப் போகவில்லை. உடம்பு சரியில்லை என்று சொல்லவும் மனம் வரவில்லை. 'சொந்த வேலை' என்று சொல்லியனுப்பினார்.

மறுநாள் காலை நாலாவது வந்தது. மற்றவற்றைவிடச் சின்னது, மெலிந்தது. அதன் உணர்கொம்புகள் மணி கோத்த சரம்போல இருந்தன. ஒவ்வொரு மணியிலும் முடி. கடிதத்தில் அந்தம்மா படம் வரைந்து காட்டியிருந்தது இதுதான்.

"ஆணா?" என்றான் மைத்துனன், குரலைத் தாழ்த்தி.

"ஆண்."

"இத்துனூண்டு இருக்கான். இவனுக்கா இவ்ளோ பாடு?"

நாலையும் சாராயக் குப்பியில் போட்டு மருந்துக்காரர் சீட்டு எழுத உட்கார்ந்தார். பூச்சியோடு ஒரு சீட்டு போக வேண்டும். எந்தச் செடி, எந்த இடம், எந்தத் தேதி, பறித்தபோது செடி எந்த நிலையில் இருந்தது. சீட்டில்லாத பூச்சி குப்பை என்று அந்தம்மா முதல் கடிதத்திலேயே எழுதியிருந்தார். இவர் உள்ளது உள்ளபடி எழுதினார்: கல் 14, வலது பக்கம். உயிருள்ள செடி. களைக்கொல்லி தெளித்த இரண்டாம் நாள் பறித்த கதிர். கீழே தேதி. பதிவேட்டின்படி அந்தத் தேதியில் அந்தச் செடிகள் செத்து இரண்டு வாரமாகியிருக்க வேண்டும்.

அந்தம்மா போனில் கூப்பிட்டார். குரலில் சந்தோஷம் அடங்கவில்லை. புதிய இனம்தான், சந்தேகமே இல்லை. அப்புறம் ஒரு சின்ன விஷயம்.

"தெளிச்ச செடியிலேர்ந்து வந்திருக்கிறதால, எந்த மருந்து, எந்தத் தேதின்னு கட்டுரையில போடணும். உங்க ஆபீஸுக்கு முறையா ஒரு கடிதம் எழுதிக் கேக்குறேன். பதிவேடு இருக்கும்ல?"

"இருக்கும் மேடம்" என்றார் மருந்துக்காரர். பதிவேடு இருந்ததற்காக அவர் வருத்தப்பட்டது வாழ்க்கையில் அப்போதுதான்.

மறுநாள் காலை சூப்பர்வைசர் அறைக்குப் போனார். சூப்பர்வைசர் இவரைவிட இருபது வயது சின்னவர். பிஸ்கட்டைத் தேநீரில் தோய்த்துக்கொண்டிருந்தார்.

"சார், பதிவேட்டுல ஒரு திருத்தம் இருக்கு. பதினாலாம் கல்லுகிட்ட நான் அன்னிக்குத் தெளிச்சது மருந்து இல்ல."

"நீலமா இருந்துச்சே. நானே பாத்தேன்."

"நீலத் தண்ணி சார்."

பிஸ்கட் முறிந்து உள்ளே விழுந்தது.

"எதுக்கு?"

அவர் சொன்னார். முதல் தீப்பெட்டியிலிருந்து நாலாவது ஈவரை, சனிக்கிழமை தெளித்தது யார் என்பதைத் தவிர எதையும் விடாமல். சூப்பர்வைசர் கரண்டியால் பிஸ்கட்டைத் தேடியபடி கேட்டார்.

"அண்ணே, இருபத்தாறு வருஷத்துல இது ஒண்ணு. விடுங்க. நான் ஒரு வாரத்துல இதவிட அதிகமா எழுதுறேன்."

"மியூசியத்துலேர்ந்து தேதி கேட்டுக் கடிதம் வரும் சார்."

"அப்ப ஈயோட தேதிய மாத்தச் சொல்லுங்க. அது வந்து சண்டை போடப்போறதில்ல."

"அது பொய்யாயிடும் சார்."

"இது மட்டும் என்னவாம்?"

"அதான் திருத்த வந்தேன்."

சூப்பர்வைசர் பதிவேட்டைத் திறந்தார். "சரி. முதல்ல தண்ணி. அப்புறம் சனிக்கிழமை மருந்து போயிருக்கு. அது யாரு?"

"நான்தான்."

"ஈயக் காப்பாத்தத் தண்ணி தெளிச்சீங்க. அப்புறம் அதே ஈ மேல நீங்களே மருந்தும் தெளிச்சீங்க."

"ஆமா சார்."

சூப்பர்வைசர் அவரை நன்றாகப் பார்த்தார். "வீட்ல எல்லாரும் சௌக்கியம்தானே அண்ணே?"

ஒரு பொய்யை எடுக்கப் போன இடத்தில் இன்னொன்றை வைத்துவிட்டு மருந்துக்காரர் வெளியே வந்தார். இதில் அவருக்கு எந்த உறுத்தலும் இருந்ததாகத் தெரியவில்லை. சீட்டில் யார் தெளித்தது என்று எழுத இடமில்லை. எனவே அறிவியலுக்கு நஷ்டமில்லை.

பத்து நாளில் மெமோ வந்தது. 'கி.மீ. கல் 14 அருகே களை ஒழிப்புப் பணியின்போது, இன்னும் பெயரிடப்படாத ஈ ஒன்றின் நலன் கருதி, களைக்கொல்லிக்குப் பதிலாக வண்ணமிட்ட தண்ணீரைத் தெளித்து, பணி முடிந்ததாகப் பதிந்தமைக்குத் தாங்கள் உடனடியாக விளக்கம் தர வேண்டும்.' விளக்கம் கொடுத்தார். ஏழு பக்கம், படத்துடன். எச்சரிக்கையோடு விட்டார்கள், ஏழு பக்கத்தையும் யாரும் படித்திருக்க முடியாது என்பது மைத்துனனின் கருத்து. அந்தம்மா மெமோவுக்கு ஒரு நகல் கேட்டு வாங்கி, ஈக்கள் இருக்கும் பெட்டியோடு சேர்த்து வைத்தார். கட்டுரை வெளிவரப் பதினோரு மாதம் ஆனது. ஆக, அப்படியொரு ஈ உலகத்தில் இருப்பதை முதலில் ஒப்புக்கொண்ட ஆவணம் ஒரு குற்றச்சாட்டுதான்.

கட்டுரைக்கு முன் அந்தம்மா கேட்டார், ஈக்கு உங்கள் பெயரையே வைக்கட்டுமா என்று.

"வேண்டாம் மேடம். என் பேர் மெமோல வந்திருச்சு. ஒரு தடவை போதும்."

நாயுருவியின் பெயரையே ஒட்டி வைத்துவிட்டார்கள்.

அடுத்த தெளிப்புக்கு முன்னால் மருந்துக்காரர் முறைப்படி எழுதிக் கேட்டார். மேலே போனது, ஆச்சரியமாக, திரும்பி வந்தது. சிக்னல் அறைக்குப் பின்னால் 'இங்கே தெளிக்கக் கூடாது' என்று ஒரு பலகை நட்டார்கள். பலகையைச் சுற்றி நாயுருவி இடுப்பளவு வளர்ந்தது. மருந்துக்காரர் ஒவ்வொரு கதிராகப் பார்த்தார். ஒன்றில்கூட முடிச்சில்லை.

தண்டவாளத்துக்கு அந்தப் பக்கம், முதுகில் தொட்டியோடு மைத்துனன் நின்றுகொண்டிருந்தான். கையில் ஒரு கதிர். முடிச்சு முடிச்சாக இருந்தது.

"மாமா, உங்க ஆளுங்கல்லாம் என் பக்கம் குடிவந்துட்டாங்க. அடிக்கவா, வேண்டாமா?"

மருந்துக்காரர் பலகையைப் பார்த்தார், அவனைப் பார்த்தார்.

"எழுதிக் கேளு" என்றார்.